டங், டுட், ஹோரெக்

டங் என்று ஓர் அடி. டுட் என்று ஓர் அடி. இந்தோனேசியத் தெருக்களிலும் கல்யாணப் பந்தல்களிலும் லாரி ஓட்டுநரின் அறையிலும் ஒலிக்கும் இசைக்கு இந்த இரண்டு அடிகள்தான் பெயர்: டங்டுட். நாலு அடித் தாளத்தில் நான்காவதாக 'டங்' விழும். அடுத்த சுற்றின் முதல் அடியில் 'டுட்' வந்து உட்காரும். பெயரை வாயால் இரண்டு முறை சொல்லிப் பாருங்கள், தாளம் போட்டாயிற்று. நம் மிருதங்கக்காரர்களின் சொற்கட்டைப் போல, இங்கே பெயரும் வாசிப்பும் ஒன்றே.

சுமார் 28 கோடிப் பேர் வாழும் நாடு அது. ஏறக்குறைய பாதிப் பேர் முப்பதை எட்டாதவர்கள். அந்த இளைஞர்கள் தங்கள் இசையைச் சுற்றி வைத்துக்கொண்ட சொற்களைக் கவனித்தால் ஒரு வியப்பு காத்திருக்கிறது. 'ஜெடக்-ஜெடுக்' என்பது கைபேசிக் காணொளிகளில் கனத்த அடிக்கு ஏற்பப் படம் துள்ளும் பாணி. 'அம்ப்யார்' என்றால் ஜாவா மொழியில் சிதறிப் போவது. காதல் தோல்விப் பாட்டுக்கு அழும் ரசிகர்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர் அது. மேற்கு ஜாவாவின் காருட் பகுதியில் ஒரு பள்ளியில் சந்தித்துக்கொண்ட மூன்று பெண்கள், ஹிஜாப் அணிந்தபடி கிட்டாரும் டிரம்மும் அதிர மெட்டல் இசை வாசிக்கிறார்கள். 2024-இல் இங்கிலாந்தின் கிளாஸ்டன்பரி விழா மேடை வரை போய்விட்ட அவர்களின் குழுப் பெயர் 'வாய்ஸ் ஆஃப் பாச்செப்ரோட்'. சுண்டா மொழியில் 'பாச்செப்ரோட்' என்றால் ஓயாத இரைச்சல். கடைசியாக வந்து சேர்ந்த சொல் 'ஹோரெக்': ஆட்டம் காண்பது, அதிர்வது.

காது கேட்டதைச் சொல்லும் சொற்களும் உடம்பு உணர்ந்ததைச் சொல்லும் சொற்களும் இங்கே பிரியாமல் கிடக்கின்றன. 'கிடுகிடு', 'தடதட' என்று இரட்டைக்கிளவியில் வளர்ந்த நமக்கு இது அந்நியமாகத் தோன்றாது. 'கிடுகிடு' ஒலியா, நடுக்கமா என்று யாராவது கேட்டால் நாமும் சற்று யோசிக்கத்தான் வேண்டும். எனக்கு இந்தக் கேள்வியை விட மனமில்லை. ஒலி எந்த இடத்தில் காதை விட்டு உடம்பாகிறது? அதற்கு ஜாவாவின் தாளக்காரர்கள் மூன்று விடை வைத்திருக்கிறார்கள். ஒன்று தோலில், ஒன்று வெண்கலத்தில், ஒன்று லாரியின் மேல்.

முதலில் தோல். 'டுட்' ஒலியை உற்றுக் கேட்டால் அது நேராக நிற்பதில்லை. வழுக்கிக்கொண்டு மேலே ஏறுகிறது. அடித்த மறுகணம் வாசிப்பவர் உள்ளங்கையின் அடிப்பாகத்தைத் தோலில் அழுத்தி நகர்த்துகிறார். தோல் இறுகுகிறது, ஒலி அடங்குவதற்குள் சுருதி உயர்ந்துவிடுகிறது. மிருதங்கத்தின் தொப்பியில் விழும் கும்கியைக் கேட்டவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இதன் கணக்கு கறாரானது. சுருதியை இரண்டு மடங்காக்க, அதாவது ஒரு ஸ்தாயி உயர்த்த, தோலின் இழுவிசையை நான்கு மடங்காக்க வேண்டும். சற்றே ஒரு வழுக்கல் தரவே கை நன்றாக உழைக்கிறது. மேற்கு ஜாவாவின் சுண்டா நாட்டில் கெண்டாங் மேளம் வாசிப்பவர்கள் கை போதாமல் காலையும் சேர்த்துக்கொண்டார்கள். பெரிய மேளத்தைச் சாய்த்து வைத்து, அதன் கீழ்த் தோலில் குதிகாலை வைத்து அழுத்துவதும் தளர்த்துவதுமாகச் சுருதியை ஆட்டுவார்கள். கைகள் பேசும்போது குதிகால் அந்தப் பேச்சுக்கு ராகம் போடுகிறது.

டங்டுட் தொடக்கத்தில் கையில் எடுத்தது நம் தபேலாவை. ஜோடி மேளங்களை உள்ளூர்ப் பட்டறைகள் தங்கள் மரத்திலும் தோலிலும் செய்யத் தொடங்கியது பிறகுதான். அந்தத் தபேலாவின் ரகசியத்தைத் திறந்தவர் திருச்சியில் பிறந்த ஒருவர் என்பதை இங்கே சொல்லாமல் போக முடியாது. வெறும் தோலை வட்டமாக இழுத்துக் கட்டி அடித்தால் எழும் மேற்சுரங்கள் ஒன்றோடொன்று இசையாதவை. அடிப்படை அதிர்வெண் 1 என்றால் அடுத்தவை 1.59, 2.14, 2.30 என்று கோணல்மாணலாக வரும். அதனால்தான் சாதாரண டிரம்மில் 'தம்' கேட்கும், சுரம் கேட்காது. சி.வி. ராமனும் அவருடன் பணியாற்றிய குமாரும் 1920-இல் நேச்சர் இதழில் எழுதினார்கள்: மிருதங்கத்திலும் தபேலாவிலும் நடுவே அப்பிய கரும்பசையான கரணை, தோலின் எடையை மாற்றி அந்த மேற்சுரங்களை 2, 3, 4, 5 என்று வரிசைக்குக் கொண்டுவந்துவிடுகிறது. தோல் தந்தியைப் போலப் பாடத் தொடங்குகிறது. சமன்பாடு எதுவும் இல்லாமல், காதை மட்டும் நம்பிக் கரணையை அடுக்கடுக்காகத் தேய்த்துத் தேய்த்து இதைக் கண்டுபிடித்த கைகளின் பெயர்கள் எங்கும் எழுதப்படவில்லை.

தபேலா கடல் கடந்தது திரைப்படத்தின் தோளில். 1950-களில் ஜகார்த்தாவிலும் மேடானிலும் இந்திப் படங்கள் ஓடிய கொட்டகைகள் நிரம்பின. 'ஓர்கெஸ் மெலாயு' என்ற மலாய்ப் பாட்டுக் குழுக்கள் அந்த மெட்டுகளைக் கேட்டு, தங்கள் மொழியில் வார்த்தை போட்டுப் பாடின. எல்யா காதம் பாடிப் புகழ்பெற்ற பாட்டின் தலைப்பே 'இந்தியாவிலிருந்து வந்த பொம்மை' என்று பொருள்படும். 1970-களில் மேற்கத்தியப் பாப் இசையை நாகரிகம் என்று நினைத்தவர்கள் இந்தப் பாட்டைக் கேலி செய்ய வைத்த பெயர்தான் டங்டுட்: சேரிக்காரர்களின் 'டங்-டுட்' சத்தம். ரோமா இராமா என்ற பாடகர் அந்தக் கேலியைக் குனிந்து பொறுக்கி எடுத்து, அதையே தலைப்பாக வைத்து ஒரு பாட்டுப் போட்டார். 'டீப் பர்ப்பிள்' ராக் குழுவின் பாணியிலான மின்கிட்டாரையும் தபேலா அடியையும் ஒரே மேடையில் நிறுத்தினார். வசைச்சொல் முத்திரையாகிவிட்டது.

இந்த வட்டம் அதோடு நிற்கவில்லை. 1990-களில் கிழக்கு ஜாவாவில் டங்டுட்டை வேகமாக்கி, சுண்டா நாட்டு ஜாய்ப்போங் ஆட்டத்தின் மேள அடிகளைச் செருகி, இளைஞர்கள் வேறொன்றைச் செய்தார்கள். பெயர் 'கொப்லோ', தெருவில் விற்ற மலிவான போதை மாத்திரையின் கொச்சைப் பெயர் அது. 2003-இல் பாசுருவானைச் சேர்ந்த இனுல் தரத்திஸ்தா என்ற பாடகி, துளையிடும் கருவியைப் போல இடுப்பைச் சுழற்றி ஆடியது, திருட்டு விசிடிகள் வழியாக நாடு முழுக்கப் பரவியது. அப்போது கொதித்து எழுந்து கண்டித்தவர்களின் முன்வரிசையில் இருந்தவர் அதே ரோமா இராமா. கேலியை வென்று வந்த ஒரு கலை, தனக்குப் பின்னால் வந்த கலையை அதே கண்ணால் பார்த்தது. இது எனக்கு வருத்தம் தரும் பக்கம். ஆனால் கொப்லோ காத்திருந்தது. 2018 ஆசிய விளையாட்டுப் போட்டிகளின் அதிகாரப்பூர்வப் பாட்டைப் பாடியவர் கொப்லோ பாடகி வியா வாலன். 2022 ஆகஸ்ட் 17 சுதந்திர தின விழாவில், பன்யுவாங்கியிலிருந்து வந்த பன்னிரண்டு வயதுப் பையன் ஃபாரெல் பிராயோகா அதிபர் மாளிகை முற்றத்தில் கொப்லோ மெட்டில் பாட, பாரம்பரிய உடையில் இருந்த அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள்.

இடையில் டிடி கெம்போட். சோலோ நகரத்துக்காரர். ரயில் நிலையத்திலும் துறைமுகத்திலும் விட்டுப் பிரிந்த காதலை ஜாவா மொழியில் இருபது வருஷங்களுக்கும் மேலாகப் பாடிக்கொண்டிருந்தவர். அப்பா அம்மாவின் பாட்டு என்று ஒதுக்கிவைத்த பிள்ளைகள் 2019-இல் திடீரென்று அவரைக் கண்டெடுத்தார்கள். 'அம்ப்யார் நண்பர்கள்' என்று தங்களை அழைத்துக்கொண்டு, கண்ணில் நீர் வழிய, தோள் அசைய, ஒரே சமயத்தில் அழுதார்கள், ஆடினார்கள். 2020 மே மாதம் அவர் இறந்தபோது வயது 53. சோகமான வரிக்கு உடம்பு எப்படி ஆடுகிறது? வரியைக் காது கேட்கிறது. மேளத்தை வேறு எதுவோ கேட்கிறது.

அந்த 'வேறு எதுவோ' பற்றி ஆய்வகங்கள் சில நல்ல விஷயங்களைச் சொல்கின்றன. டென்மார்க்கை மையமாகக் கொண்ட ஆய்வாளர்கள் 2014-இல் வெளியிட்ட கட்டுரையில், பல வகை டிரம் அடிகளைக் கேட்கவைத்து, எது ஆடத் தூண்டுகிறது என்று கேட்டார்கள். அடி எல்லாம் எதிர்பார்த்த இடத்திலேயே விழுந்தால் ஆசை எழவில்லை. எல்லாமே இடம் தப்பி விழுந்தாலும் எழவில்லை. நடுவே ஓர் அளவில், சில அடிகள் முந்தியோ பிந்தியோ விழும்போதுதான் உடம்பு எழுந்தது. அனாகத எடுப்பும் அதீத எடுப்பும் தெரிந்த நம் ரசிகர்கள் இதற்குத் தலையாட்டுவார்கள். எதிர்பார்த்த அடி விழாத வெற்றிடத்தை நாமே நிரப்பப் பார்க்கிறோம்; தலையோ தோளோ காலோ அந்த விடுபட்ட அடியைப் போடுகிறது. டங்டுட்டின் தந்திரமும் இதுவே. 'டங்' ஒரு கேள்வியைத் தூக்கி நிறுத்துகிறது, தாளம் ஒரு சுற்றைக் கடந்து திரும்பும் அந்த விளிம்பில் நாம் தொங்குகிறோம், 'டுட்' பிடித்துக்கொள்கிறது. கொப்லோ அந்தத் தொங்கலின் நடுவே இன்னும் பத்து அடிகளைத் தூவுகிறது.

இன்னொரு பரிசோதனை இதைவிட விசித்திரமானது. 2022-இல் வெளியான ஆய்வில், கனடாவின் மெக்மாஸ்டர் பல்கலைக்கழகத்தார் ஒரு மின்னணு இசைக் கச்சேரியின்போது, 8 முதல் 37 ஹெர்ட்ஸ் வரையுள்ள மிகத் தாழ்ந்த ஒலியைத் தரும் சிறப்பு ஒலிபெருக்கிகளை இரண்டரை நிமிஷத்துக்கு ஒருமுறை ஓடவிட்டும் நிறுத்தியும் பார்த்தார்கள். அந்த ஒலி ஓடுகிறதா இல்லையா என்று கேட்டவர்களால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. ஆனால் தலையில் கட்டியிருந்த பட்டையின் அசைவுக் கணக்கில் தெரிந்தது: அந்த ஒலி ஓடிய நேரங்களில் கூட்டம் சுமார் 12 சதவீதம் அதிகமாக ஆடியிருந்தது. காதுக்குள் சமநிலையைக் காக்கும் உறுப்பும், தோலின் தொடு நரம்புகளும் அதைப் பெற்றுக்கொண்டிருக்கலாம் என்பது அவர்களின் ஊகம். அறிவுக்கு எட்டாத ஒலிக்கு உடம்பு பதில் சொல்லியிருக்கிறது.

ஜாவாவில் இதற்கு மின்சாரம் வரும் முன்பே ஒரு கருவி இருந்தது. கமெலான் என்ற வெண்கல வாத்தியக் குழுவின் ஆகப் பெரிய தட்டு, கோங் அகெங். ஒரு மீட்டருக்குச் சற்றுக் குறைந்த அகலம்; மரச்சட்டத்தில் தொங்கும். மெத்தென்ற கட்டையால் நடுக் குமிழில் தொட்டால் எழும் ஒலி 50 ஹெர்ட்ஸை ஒட்டிய ஆழத்தில் இருக்கும். இன்றைய சப்வூஃபர் வேலை செய்யும் அதே தளம். அந்த ஒலி மேலும் கீழும் மெல்ல மூச்சு விடுவதைப் போல அசையும். அந்த அசைவுக்கு 'ஓம்பாக்' என்று பெயர். அலை என்று பொருள். பாலித் தீவுக்காரர்கள் இதை ஒரு முழு அழகியலாகவே வளர்த்தார்கள். ஒவ்வொரு வெண்கலக் கட்டைக்கும் ஜோடி உண்டு. ஜோடியில் ஒன்றை வேண்டுமென்றே சில ஹெர்ட்ஸ் தள்ளிச் சுருதி சேர்ப்பார்கள். ஒன்று நொடிக்கு 300 முறையும் மற்றது 307 முறையும் அதிர்ந்தால், இரண்டும் ஒன்றையொன்று தூக்குவதும் அமுக்குவதுமாக நொடிக்கு 7 முறை ஒலி மினுங்கும். நாம் தம்புராவின் நடுத் தந்திகள் இரண்டையும் துல்லியமாக ஒன்றாக்கப் பாடுபடுகிறோம். அவர்கள் அந்தத் துல்லியத்தைச் செத்த ஒலி என்பார்கள். மினுங்கினால்தான் உயிர். 1977-இல் விண்ணில் ஏறிய வாயேஜர் விண்கலங்களின் தங்கத் தட்டில் ஜாவா அரண்மனைக் கமெலான் பாட்டு ஒன்று இருக்கிறது. சூரியக் காற்றின் எல்லையைத் தாண்டி அந்த அலை போய்க்கொண்டிருக்கிறது.

இப்போது லாரி.

கிழக்கு ஜாவாவின் மாலாங் வட்டாரத்துக் கிராமங்களில், ஆகஸ்ட் மாதச் சுதந்திர விழாவிலும் ஊர்த் தூய்மைச் சடங்கு ஊர்வலங்களிலும், வீட்டு உயரத்துக்கு ஒலிப்பெட்டிகளை அடுக்கிய லாரிகள் வரிசையாக ஊர்கின்றன. அதற்குப் பெயர் 'சவுண்ட் ஹோரெக்'. முன்னால் ஒரே சீருடையில் இளைஞர்கள் ஆடிப் போவார்கள். ஊரார் பணம் திரட்டி வாடகைக்கு எடுத்த லாரி அது. பக்கத்து ஊர் லாரியை விட நம் ஊர் லாரி அதிர வேண்டும் என்பது மானப் பிரச்சினை. லாரி நுழையக் கூரை விளிம்பை வெட்டியதும் பாலக் கைப்பிடியைக் கழற்றியதும் செய்தியாயின. கண்ணாடி உடையும், ஓடுகள் நழுவும்.

ஏன் ஓடு நழுவுகிறது? 40 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் சுமார் எட்டரை மீட்டர். ஒரு பேருந்தின் நீளத்துக்கு நெருக்கம். அவ்வளவு பெரிய அலைக்குச் செங்கல் சுவர் பெரிய தடை இல்லை. சுவரையும் கூரையையும் சேர்த்துத் தள்ளி இழுக்கும். ஜன்னல் சட்டம், ஓட்டு வரிசை, மனிதனின் மார்புக்கூடு என்று ஒவ்வொன்றுக்கும் தானாக ஆட விரும்பும் ஒரு வேகம் உண்டு. ஊஞ்சலைச் சரியான கணத்தில் தள்ளினால் சிறு தள்ளலிலேயே அது உயரே போகும் அல்லவா, அதேபோல அந்த வேகத்தில் வரும் ஒலி அதைப் பிடித்து ஆட்டும்.

அந்தப் பெட்டிகளில் பல, ஊர்த் தச்சர்களும் மின்வேலைக்காரர்களும் பிளைவுட்டில் அறுத்துச் செய்தவை. பெட்டியின் முகப்பில் ஒரு துளையோ பிளவோ விடுவார்கள். வாய் குறுகிய பானையின் மேல் ஊதினால் 'பூம்' என்று ஒரே சுருதியில் முழங்குமே, அந்தப் பானைதான் இந்தப் பெட்டி. துளையின் அகலமும் ஆழமும் உள்ளே அடைபட்ட காற்றின் கொள்ளளவும் சேர்ந்து எந்தச் சுருதியில் முழங்கும் என்று தீர்மானிக்கின்றன. பாலியில் வெண்கலக் கட்டைகளின் அடியில் ஒவ்வொரு சுருதிக்கும் ஒரு மூங்கில் குழாயை அளந்து நிறுத்தும் கைவினைஞர் செய்வதும் இதைப் போன்ற காற்றுக் கணக்குதான். பட்டறையில் துளையைக் கொஞ்சம் கொஞ்சமாக அகலப்படுத்தி, மார்பில் கை வைத்துப் பார்க்கும் இளைஞனை இந்த வரிசையில் நிறுத்துவதில் எனக்குத் தயக்கம் இல்லை. அவன் கேட்பது முன்னோர் கேட்ட ஆழத்தையே. ஆனால் அவன் கையில் இருக்கும் ஆற்றல் முன்னோருக்கு இல்லை. என் கவலை அங்கேதான்.

டெசிபல் ஏறுவது படிக்கட்டு ஏறுவதைப் போன்றதல்ல. 10 டெசிபல் கூடினால் ஒலியின் ஆற்றல் பத்து மடங்கு. 85 டெசிபலில் எட்டு மணி நேரம் வேலை செய்யலாம் என்பது தொழிலிடப் பாதுகாப்புக் கணக்கு. ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதியாகும். 100-இல் பதினைந்து நிமிஷம். 120-இல் ஒன்பது நொடி. உள்காதின் நத்தைக்கூட்டில் சுமார் 15,000 மயிர்ச்செல்கள் இருக்கின்றன. கருவிலேயே உருவான அவை மடிந்தால் மனிதனுக்குத் திரும்ப முளைப்பதில்லை. லாரியின் ஓரத்தில் கைக்குழந்தையோடு நிற்கும் தாயைக் காணொளிகளில் பார்க்கும்போது அந்த எண்தான் நினைவுக்கு வருகிறது.

2025 ஜூலையில் கிழக்கு ஜாவாவின் உலமாக்கள் மன்றம் ஃபத்வா வெளியிட்டது: உடல்நலத்துக்கும் சொத்துக்கும் கேடு செய்யும் அளவுக்குப் போனால் ஹராம், அளவோடு இருந்தால் ஆகும். ஆகஸ்டில் மாகாண அரசும் காவல்துறையும் இராணுவமும் சேர்ந்து அளவை எண்ணில் எழுதின. ஓரிடத்தில் நிற்கும் நிகழ்ச்சிக்கு 120 டிபிஏ, ஊர்ந்து போகும் ஊர்வலத்துக்கு 85 டிபிஏ. 35 டெசிபல் வித்தியாசம் என்றால் ஆற்றலில் மூவாயிரம் மடங்குக்கும் மேல்.

அந்த 'ஏ' என்ற ஓர் எழுத்தைக் கவனிக்க வேண்டும். மனிதக் காது தாழ்ந்த ஒலியை மந்தமாகத்தான் கேட்கும். அதனால் 'ஏ' அளவுகோல் தாழ்ந்த ஒலிகளுக்கு ஒரு கழிவு போடுகிறது. 40 ஹெர்ட்ஸில் அந்தக் கழிவு ஏறக்குறைய 35 டெசிபல். உண்மையில் 120 டெசிபலில் முழங்கும் ஆழ்ந்த ஒலி அளவுமானியில் 85 என்று காட்டும். பாடலின் மற்றச் சுரங்கள் முள்ளை ஏற்றிவிடும் என்பது வேறு. அந்த ஆழம் மட்டும் கணக்கில் சிக்காமல் நழுவும். காதைக் காப்பதற்கு இந்த அளவுகோல் நியாயமானது, காதை வைத்தே செய்யப்பட்டது. ஓட்டுக்கும் ஜன்னலுக்கும் தொட்டிலின் கட்டைக்கும் அந்தக் கழிவு தெரியாது. ஹோரெக் என்ற சொல் குறிப்பதோ காது கேட்பதை அல்ல, வீடு உணர்வதை. அதை அளக்க அதிர்வுமானியைத் தரையிலும் சுவரிலும்தான் வைக்க வேண்டும்.

திறந்த வெளியில் தூரம் இரட்டிக்கும்போதெல்லாம் ஒலி சுமார் 6 டெசிபல் குறையும். பெட்டியிலிருந்து இரண்டு மீட்டரில் ஆடும் பையன் நான்குக்கு, எட்டுக்கு, பதினாறு மீட்டருக்கு நகர்ந்தால் 18 டெசிபல். காதில் விழும் ஆற்றல் அறுபதில் ஒரு பங்குக்கும் கீழே போய்விடும். குறுகலான தெருவில் சுவர்கள் ஒலியைத் திருப்பி அனுப்புவதால் இவ்வளவு கிடைக்காது, வயல்வெளிச் சாலையில் ஏறக்குறைய கிடைக்கும். அந்தப் பதினாறாவது மீட்டரில் பாடகியின் குரல் மெலிந்திருக்கும், தாளத்தட்டின் கூர்மை போயிருக்கும். காலுக்குக் கீழே மண் இன்னும் ஆடிக்கொண்டிருக்கும்.